குஜிரி அக்காவின் ரெகுலேட்டர்

அந்த ரெகுலேட்டர் எந்த மின்விசிறியோடும் இணைந்திருக்கவில்லை. கறுப்பாக, வட்டமாக, ஒரு பூரி அளவு இருக்கும். நடுவில் குமிழ். குமிழைச் சுற்றி ஒன்றிலிருந்து ஐந்துவரை எண்கள். பின்பக்கம் இரண்டு ஒயர்கள் வெட்டுப்பட்டு நீட்டிக்கொண்டிருந்தன. அதைக் குஜிரி அக்கா தன்னுடைய டயாலிசிஸ் படுக்கையின் வலதுபக்கக் கம்பியில் பிளாஸ்திரி சுற்றி ஒட்டி வைத்திருந்தார். இடது கையில் இரண்டு ஊசிகள் குத்தியிருக்கும். ரத்தம் குழாய் வழியாக இயந்திரத்துக்குப் போய்ச் சுத்தமாகித் திரும்பி வந்துகொண்டிருக்கும். வலது கை சும்மாதானே இருக்கிறது. அந்தக் கையால் குமிழைத் திருகுவார். டக், டக் என்று சத்தம் வரும்.

"அஞ்சுல வெச்சிட்டேன். பேகா ஓடும் பாருங்க. கண்ண மூடித் தொறந்தா ஊசியப் புடுங்கிடுவாங்க."

அது நேரத்தின் ரெகுலேட்டர் என்பது அவர் சொன்னது. ஐந்தில் வைத்தால் நேரம் வேகமாக ஓடும். அதை அவர் கன்னடத்தில் 'பேகா' என்பார். ஒன்றில் வைத்தால் மெதுவாக நடக்கும். அது 'நிதானா'. அவரோடு டயாலிசிஸில் நாங்கள் படுத்திருக்கும் நாலு மணி நேரமும் பேகா. முடிந்து எழுந்து செருப்பைத் தேடும்போது எட்டி ஒன்றுக்குத் திருகிவிடுவார்.

"வெளிய நிதானா இருக்கட்டும். வீட்ல உக்காந்து நல்லா அனுபவிங்க. அவசரப்பட்டுத் திரும்பி வந்துடாதீங்க."

அவசரப்பட்டாலும் படாவிட்டாலும் ஒரு நாள் விட்டு ஒரு நாள் நாங்கள் அங்கே வந்துதான் ஆகவேண்டும். அது எல்லோருக்கும் தெரியும். இருந்தாலும் அவர் குமிழைத் திருகுகிற வரைக்கும் யாரும் அறையைவிட்டு வெளியே போனதில்லை.

பெங்களூரில் பழைய இரும்பு, பேப்பர் வாங்குகிற கடையைக் குஜிரி என்பார்கள். அவரும் அவர் கணவரும் சந்தாபுராவில் குஜிரிக் கடை வைத்திருந்தார்கள். அதனால் அவர் எங்களுக்குக் குஜிரி அக்கா. யாரோ வீட்டை இடித்தபோது மூட்டையோடு வந்த சாமானில் அந்த ரெகுலேட்டர் கிடந்ததாம். அவருடைய சொந்தப் பெயர் எனக்குத் தெரியும். எழுத மனம் வரவில்லை. எழுதினால், "என்னண்ணா, என் பேர வெச்சுப் படம் காட்டறீங்களா?" என்று கேட்பார்போலத் தோன்றுகிறது. அவர் இப்போது இல்லை. நான் இருக்கிறேன், இப்போதும் அதே ஆஸ்பத்திரிக்குப் போய் வருகிறேன்.

நான் அதிகம் பேசாதவன். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடம் நின்றுபோயிற்று. மல்லேஸ்வரத்தில் ஒரு காண்டிமென்ட்ஸ் கடையின் பின்பக்கம், அடுப்படியில், கோடுபளே என்கிற வளைய முறுக்கு, நிப்பட்டு என்கிற தட்டை, சிப்ஸ் பொரிக்கிற வேலை. அடுப்புக்கு முன்னால் நிற்பவனிடம் யாரும் பேச்சுக் கொடுக்க மாட்டார்கள். அது எனக்கு வசதியாக இருந்தது. சிறுநீரகம் கெட்டு, டயாலிசிஸ் ஊசிக்காகக் கையில் நரம்பைச் சேர்த்துத் தைத்து, அந்த இடம் கயிறு முறுக்கியதுபோல் புடைத்துக்கொண்ட பிறகு, மே மாத வெயிலிலும் முழுக்கைச் சட்டை போட்டுக்கொண்டேன். கையைப் பார்த்து யாரும் கேட்டுவிடக் கூடாது.

ஆஸ்டின் டவுனுக்குப் பக்கத்தில் இருந்த அந்த ஆஸ்பத்திரியில் எட்டுப் படுக்கைகள் கொண்ட அறை. காலையில் ஒரு ஷிப்டு, மத்தியானம் ஒரு ஷிப்டு. நானும் அக்காவும் மத்தியானம். முதல் நாள் நான் சட்டைக் கையை மடிக்கத் தயங்கி நின்றபோதே அவர் குரல் வந்தது.

"புதுசா? வாங்க. எங்க வேலை செய்யறீங்க, ஒரே எண்ணெ வாசனையா இருக்கு?"

நான் எடை பார்க்கும் மெஷினைப் பார்த்தபடி சொன்னேன்.

"கோடுபளேவா! ஐயோ சாமி. உப்பும் காரமும். எங்க எட்டு பேருக்கும் ஆகாத சரக்கு. நீங்க விஷத்துல வேலை செய்யறீங்கண்ணா." எல்லோரும் சிரித்தார்கள். "ஆனா ஒண்ணு, நீங்க குடுத்து வெச்சவரு. அடுப்பு முன்னாடி நின்னா வேர்வையிலயே பாதித் தண்ணி போயிடும். நாங்க ஒரு டம்ளர் அதிகமா குடிச்சா எடை மெஷின்ல மாட்டிக்கறோம். சரி, உங்களுக்கு எந்த நம்பர் வெக்கட்டும்?"

எல்லோர் முகமும் என் பக்கம் திரும்பியது. எனக்குக் காது சுட்டது. என்ன நம்பர், எதற்கு நம்பர் என்று ஒன்றும் புரியவில்லை. சட்டைக் கையை மடித்துவிட்டுப் படுத்துக்கொண்டேன். அடுத்த படுக்கையில் இருந்த ரிட்டயர்டு பஸ் கண்டக்டர், "அஞ்சே வெச்சுடு தாயி, பாவம் பயந்துட்டாரு," என்றார். டக், டக் என்று ஐந்து தடவை கேட்டது.

எவ்வளவோ நாள் அந்தக் கேள்வியைக் கேட்டிருக்கிறார். நான் ஒருநாளும் வாய்விட்டு ஒரு எண்ணைச் சொன்னதில்லை. வெட்கம். நாற்பத்தைந்து வயதில், வயதான மனிதர்கள் மத்தியில், குழந்தை விளையாட்டு விளையாடுவதா என்று. ஆனால் அவர் வராத ஒருநாள் அந்த நாலு மணி நேரம் எப்படி இருந்தது என்று எனக்குத் தெரியும். சுவர்க் கடிகாரத்தின் முள்ளை யாரோ பிடித்துக்கொண்டு நின்றதுபோல் இருந்தது.

ஒரு தடவை என் காலில் சதை இழுத்துக்கொண்டது. டயாலிசிஸில் தண்ணீர் வேகமாக வெளியேறினால் அப்படி ஆகும். கெண்டைக்கால் கல்லாகிவிடும். கத்தக்கூட வெட்கப்பட்டுக்கொண்டு தலையணையைக் கடித்தேன். டெக்னீஷியன் மஞ்சு ஓடிவந்து என் உள்ளங்காலை அழுத்திப் பிடித்தார். அக்கா தன் படுக்கையிலிருந்து சத்தம் போட்டார்.

"அஞ்சுக்கு மேல நம்பர் இல்லையேண்ணா! இருங்க, ஒடைச்சுத் திருப்பறேன். ஆறு... ஏழு... கத்துங்கண்ணா, சும்மா கத்துங்க, இங்க யாரு உங்க மாமியாரா உக்காந்திருக்காங்க?"

நான் கத்தினேன். அந்த அறையில் என் குரல் முதன்முதலாகக் கேட்டது அப்போதுதான். வலி விட்டதும் சிரிப்பு வந்துவிட்டது.

எதையும் தனக்கென்று வாங்கிக்கொள்ளத் தெரியாதவர் அவர். கண்டக்டரின் மனைவி எல்லோருக்கும் இட்லி கொண்டுவருவார். அக்காவின் பங்கு எப்போதும் அடுத்த படுக்கைக்குப் போய்விடும். "எனக்குப் பசியில்ல, நீ தின்னு" என்பார். ஒருமுறை என்னிடம், கடையிலிருந்து ஒரு பாக்கெட் கோடுபளே கொண்டுவரச் சொன்னார். "திங்க மாட்டேன்ணா, சத்தியமா. மோந்து மட்டும் பாத்துட்டுக் குடுத்துடறேன்." கொண்டுபோனேன். பாக்கெட்டைப் பிரித்தார். தான் முகராமல் முதலில் பக்கத்துப் படுக்கைக்கு அனுப்பினார். அது எட்டுப் படுக்கையும் சுற்றிவந்தது. ஒவ்வொருவரும் மூக்கை உள்ளே விட்டுக் கண்ணை மூடிக்கொண்டார்கள். அவரிடம் திரும்பி வருவதற்குள் மஞ்சு பிடுங்கிக்கொண்டு போய்விட்டார். "போகட்டும், அவனாவது தின்னட்டும்," என்றார் அக்கா.

"கையில வெச்சிருந்தா வெயிட்டு, குடுத்துட்டாத்தான் காசு," என்று அடிக்கடி சொல்வார். குஜிரிக் கடைக்காரர் பேச்சு.

ஒருநாள் கண்டக்டர் கேட்டார். "எல்லாருக்கும் நம்பர் வெக்கற. உனக்கு எந்த நம்பர் தாயி?"

"ஓனருக்கு எதுக்குங்க டிக்கெட்டு? இத்தன வருஷம் பஸ்ல போனீங்களே, இதுகூடத் தெரியாதா?"

பிறகு ஒரு பெரிய டாக்டர் சுற்றிப் பார்க்க வந்தார். கம்பியில் ஒட்டியிருந்ததைப் பார்த்தார். வெட்டின ஒயரோடு மின்சாரச் சாமான் இயந்திரத்துக்குப் பக்கத்தில் இருக்கலாமா என்று மஞ்சுவைக் கடிந்துகொண்டார். அவர் சொன்னதில் தப்பில்லை. மஞ்சு தலையைக் குனிந்தபடி பிளாஸ்திரியை உரித்து ரெகுலேட்டரை எடுத்துத் தன் மேஜை டிராயரில் போட்டுப் பூட்டினார். டாக்டர் போன பிறகு எல்லோரும் வெறும் கம்பியைப் பார்த்தார்கள். மெஷின்கள் மட்டும் ஓடின. கண்டக்டர் மெதுவாக, "இன்னிக்கு எப்படிப்பா போகும்?" என்றார்.

அக்கா வலது கையைத் தூக்கினார். வெறும் காற்றில் விரல்களைக் குவித்துத் திருகினார். நாக்கை மேல்வாயில் தட்டி டக், டக் என்று சத்தமும் கொடுத்தார்.

"அது பொட்டிதான். சாவி என் கையிலதானே இருக்கு? பைத்தியக்காரங்களா."

அன்றும் நேரம் போயிற்று. முன்பைவிட வேகமாகவே போயிற்று என்று கண்டக்டர் சாதித்தார். அதற்குப் பிறகு அந்த ரெகுலேட்டரை யாரும் திரும்பக் கேட்கவில்லை.

இதெல்லாம் அறைக்குள்ளே. அறைக்கு வெளியே ஒரே ஒரு தடவைதான் அவரைப் பார்த்தேன். அன்று ஊசி எடுத்த இடத்தில் எனக்கு ரத்தம் நிற்க நேரமாகிவிட்டது. எல்லோரும் போன பிறகு தனியாக பஸ் ஸ்டாப்புக்கு வந்தேன். சாயங்கால நெரிசல். நிழற்குடையின் பின்பக்கம், நடைபாதை ஓரத்தில், ஒரு பெண் கம்பியில் தலையைச் சாய்த்து உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் வாந்தி எடுத்திருந்தது. புடவைத் தலைப்பைப் பார்த்துத்தான் அடையாளம் தெரிந்தது. முகம் வேறு யாருடையதோ போலிருந்தது.

நான் நகர்ந்துவிடலாமா என்று நினைப்பதற்குள் கண்ணைத் திறந்தார்.

"யாரு, கோடுபளே அண்ணாவா? பாத்துட்டீங்களா?"

"ஆட்டோ புடிக்கட்டுமாம்மா?"

"சந்தாபுராவுக்கு ஆட்டோவா? உங்க மொதலாளி கடையத்தான் விக்கணும்." சிரிக்கப் பார்த்தார், முடியவில்லை. "தெனம் இப்படித்தாண்ணா. டயாலிசிஸ் முடிஞ்சா தலை நிக்கமாட்டேங்குது. இந்த நேரத்துல பஸ்ல நிக்கக்கூட எடம் கெடைக்காது. ஓசூர் ரோடு வேற. வீடு போய்ச் சேர ரெண்டு மணி நேரம் ஆயிடுது. நின்னுக்கிட்டே போவணும்."

"தண்ணி வாங்கிட்டு வரட்டா?"

"தண்ணியா? நல்லா சொன்னீங்க." தலைப்பை இழுத்து முகத்தை மறைத்துக்கொண்டார். "அந்தப் பக்கம் திரும்பி நில்லுங்கண்ணா. பஸ் வந்தா மட்டும் சொல்லுங்க. இந்த மூஞ்சிய யாருக்கும் காட்ட முடியாது. உள்ள யார்கிட்டயும் சொல்லிடாதீங்க, ஆமா."

நான் சாலையைப் பார்த்துத் திரும்பி நின்றேன். இரண்டு பஸ்கள் நிற்காமல் போயின. மூன்றாவது வந்தபோது சொன்னேன். எழுந்து, முகத்தைத் துடைத்து, கொண்டையை இறுக்கிக் கட்டிக்கொண்டு ஏறினார். படியில் நின்றபடியே அந்த பஸ்ஸின் கண்டக்டரிடம் கன்னடத்தில், "ஸ்வல்ப ஜாகா மாடிகொடி அண்ணா," என்று கணீரென்று இடம் கேட்டார். அந்தக் குரலைக் கேட்டவர்கள் அதற்கு ஐந்து நிமிடம் முன்னால் அவர் இருந்த நிலையை நம்பமாட்டார்கள். அடுத்த முறை அறையில் என்னைப் பார்த்தபோது வழக்கம்போல, "என்ன நம்பர்?" என்றார். நானும் வழக்கம்போலத் தலையைக் குனிந்துகொண்டேன்.

எனக்கு வேலை போகிற நிலைமை வந்தது அதற்குப் பிறகுதான். கையில் ஊசி இருந்தபோது முதலாளி போன் செய்தார். போன் காலடியில் பைக்குள் இருந்தது, எடுக்க எட்டவில்லை. மஞ்சு ஸ்பீக்கரில் போட்டுத் தலையணைமேல் வைத்துவிட்டுப் போனார். முதலாளி நல்ல மனிதர்தான், ஆனால் அவருக்கு மெதுவாகப் பேசவராது.

"நோடப்பா, நான் சொல்றதக் கேளு, வாரத்துல மூணு நாள் மத்தியானம் அடுப்பு காலியா இருந்தா நான் சாயங்காலம் எதை விக்கறது? காலையில போய் முடிச்சுட்டு வர மாதிரி இருந்தா வேலை உன்னுது. இல்லன்னா பண்டிகைக்கு முன்னாடி வேற ஆளப் போட்டுக்கறேன். தப்பா நெனச்சுக்காதே, ஆமா?"

அறை முழுக்கக் கேட்டது. காலை ஷிப்டு என்ற பேச்சை அந்த அறையில் யாரும் எடுக்கமாட்டார்கள். காலையில் எட்டுப் படுக்கையும் நிறைந்திருந்தது. அங்கே இடம் காலியாக வேண்டுமென்றால் ஒருவர் போகவேண்டும். நாங்கள் அதைச் செத்துப்போனார் என்று சொல்வதில்லை; 'டிஸ்சார்ஜ் ஆயிட்டார்' என்போம். டயாலிசிஸில் இருப்பவர்களுக்கு வேறு டிஸ்சார்ஜ் கிடையாது. அதனால் காலைப் படுக்கை வேண்டும் என்று ஆசைப்படுவதே அசிங்கமான காரியம். நான் கண்ணை மூடிக்கொண்டேன்.

அக்கா பேசினார். "அப்போ நம்ம அண்ணாவுக்குக் காலையில பெட் வேணும். மஞ்சு, காலை ஷிப்டுல ரொம்ப இருமறது யாருப்பா?"

 பிறகு கண்டக்டர், "அந்த மூணாம் நம்பர் பெட்டுக் கெழவரா? அவரு நம்ம எல்லாரையும் அனுப்பிட்டுத்தான் போவாரு," என்றார். சிரிப்பு வெடித்தது. நான் துண்டை எடுத்து முகத்தின்மேல் போட்டுக்கொண்டேன். என் ஆசையை எல்லோரும் பார்த்துவிட்டார்கள். துண்டுக்குள்ளே என் மூச்சு எனக்கே எண்ணெய் வாசனை அடித்தது.

சில வாரம் கழித்து ஒருநாள் மஞ்சு அக்காவின் படுக்கையருகே வந்து நின்றார். மத்தியான ஷிப்டில் காலைக்கு முதலில் மஞ்சுவிடம் தனியாகக் கேட்டுவைத்தவர் அக்காதான். எனக்கு முன்னால், வெகுநாளாக.

"அக்கா, காலையில ஒரு பெட் காலியாகியிருக்கு. திங்கக்கெழமைலேர்ந்து வர்றீங்களா?"

யாருடைய படுக்கை என்று யாரும் கேட்கவில்லை.

"எனக்கு எதுக்கு?" என்றார் அக்கா. "அண்ணாவுக்குப் போடு."

"நீங்கதானேக்கா கேட்டுக்கிட்டே இருந்தீங்க?"

"கேட்டேன். இப்ப வேணாங்கறேன். என் வீட்டுக்காரரு சாயங்காலம் வண்டி எடுத்துட்டு வரேன்னுட்டாரு."

பொய். அந்த மனிதர் கடையைவிட்டு நகரமுடியாது என்று அவரே பலமுறை சொல்லியிருக்கிறார். "வேண்டாம்மா," என்றேன். "உங்களுக்குத்தான் பஸ்ஸுல..."

அவர் என்னை ஒரு பார்வை பார்த்தார். வாயை மூடிக்கொண்டேன். யாரிடமும் சொல்லாதே என்று அவர் கேட்டது ஒன்றே ஒன்றுதான்.

"எனக்குக் காலையா இருந்தா என்ன, மத்தியானமா இருந்தா என்ன?" வலது கையைக் காற்றில் உயர்த்தித் திருகிக் காட்டினார். "நேரம் என் பேச்சக் கேக்கும். அண்ணாதான் மொதலாளி பேச்சக் கேக்கணும். போங்கண்ணா, அடுப்ப அணைய விடாதீங்க."

வீட்டில் சொன்னபோது என் மனைவி அழுதாள். அவள் இரண்டு வீடுகளில் சமையல் செய்கிறாள். என் வேலையும் இருந்தால்தான் வாடகைக்குப் போதும். அவள் அழுதது சந்தோஷத்தில். எனக்குச் சந்தோஷமாக இருந்தது என்று சொல்லவும் வெட்கமாக இருந்தது.

காலை ஷிப்டில் யாரும் பேசுவதில்லை. டீவி ஓடும். நாலு மணி நேரம் நாலு மணி நேரமாகவே போகும். முடித்து வெளியே வரும்போது வராந்தா பெஞ்சில் மத்தியான ஆட்கள் வரிசையாக உட்கார்ந்திருப்பார்கள். அக்கா அங்கிருந்தே கேட்பார். "அடுப்பு எரியுதா?" "எரியுதும்மா." "அப்போ ஓடுங்க," என்று காற்றில் குமிழைத் திருகுவார்.

ஓடினேன். நேராகக் கடைக்கு. இரண்டு வாரம் சமாளித்தேன். மூன்றாவது வாரம், எண்ணெய் காய்ந்து, கோடுபளேயைப் போட்டுத் திருப்பிக்கொண்டிருந்தபோது அடுப்படி மெதுவாகச் சுற்றியது. கரண்டி எண்ணெய்க்குள் விழுந்து தெறித்தது. நானும் அதன் பின்னாலேயே சாய்ந்திருப்பேன். முதலாளி சட்டைக் காலரைப் பிடித்துப் பின்னால் இழுத்தார். தரையில் உட்காரவைத்து, தன் கையாலேயே அடுப்பை அணைத்தார்.

"நீ எண்ணெயில விழுந்தா உன் சம்சாரத்துக்கு நான் என்ன பதில் சொல்றது? பேடப்பா, வேண்டாம். ஆஸ்பத்திரி இல்லாத நாள்ல மட்டும் வா. பேக்கிங் பாரு. குடுக்கறத குடுக்கறேன். அடுப்புக்கிட்ட வராதே."

டயாலிசிஸ் முடிந்த பிறகு கால் எப்படி இருக்கும், தலை எப்படி இருக்கும் என்று எங்கள் அறையில் இருந்த எட்டுப் பேருக்கும் தெரியும். வேறு யாருக்கும் தெரியாவிட்டாலும் எங்களுக்குத் தெரியும். கம்பியில் தலையைச் சாய்த்து உட்கார்ந்திருந்தவருக்குத் தெரியும், அதைப் பார்த்த எனக்கும் தெரியும். ஆனால் எல்லோருமாகச் சேர்ந்து நேரத்தை மட்டும்தான் கணக்குப் பார்த்தோம். காலையில் முடித்துவிட்டால் மத்தியானம் கையில் இருக்கும் என்று. அந்த மத்தியானத்தில் நிற்கப்போகிற உடம்பை யாரும் யோசிக்கவில்லை.

"போய் அந்தம்மாகிட்ட சொல்லிடுங்க," என்றாள் என் மனைவி. "அவங்க பெட்டு அவங்களுக்கே போகட்டும்." நான் மஞ்சுவிடம் சொன்னேன். அவரிடம் சொல்வது சுலபம்.

"நீங்க சும்மா விட்டா வரிசையில அடுத்த ஆளுக்குப் போயிடும் அண்ணா," என்றார் அவர். "ரெண்டு பேரும் மாத்திக்கறதுன்னா அக்கா சரின்னு சொல்லணும். நீங்களே கேளுங்க. நான் கேட்டா ஒதைப்பாங்க."

வெளியே வந்தேன். பெஞ்சில் எல்லோரும் இருந்தார்கள்.

"அடுப்பு எரியுதா?"

"இல்லம்மா. அணைஞ்சிடுச்சு."

திருகுவதற்கு உயர்ந்த அவர் கை பாதியில் நின்றது. "என்னாச்சு? விழுந்தீங்களா?"

"கரண்டிதான் விழுந்துது. மொதலாளி புடிச்சிட்டாரு. இனிமே அடுப்பு வேண்டாம்னுட்டாரு."

அவர் முகம் மாறியது. "எனக்குத் தோணலையேண்ணா," என்றார். "எனக்கே தோணலையே. ச்சே."

"காலை பெட்ட நீங்க எடுத்துக்கணும்மா. நான் மத்தியானத்துக்கு வந்துடறேன்."

"அய்யே, குடுத்ததத் திருப்பி வாங்கறதா? கண்டக்டருக்குக் குடுங்க."

"எனக்கு எதுக்கு தாயி?" என்றார் கண்டக்டர். "காலையில முடிச்சுட்டு வீட்ல போய் என்ன கிழிக்கப்போறேன்? எடுத்துக்கோ."

"எனக்கு வேணாம். எனக்குத்தான் சாயங்காலம் வண்டி வருதே."

அவர் ஒத்துக்கொள்ளப் போவதில்லை என்று தெரிந்தது. இன்னும் ஒரு நிமிடத்தில் ஏதாவது வேடிக்கை பேசி எல்லோரையும் சிரிக்கவைத்துவிடுவார், அதோடு அந்தப் படுக்கை யாரோ முன்பின் தெரியாத ஒருவருக்குப் போய்விடும். எனக்கு வேறு வழி தெரியவில்லை.

"எந்த வண்டியும்மா? நீங்க ஸ்டாப்புக்குப் பின்னாடி வாந்தி எடுத்துட்டுக் கீழ உக்காந்திருந்தத நான் பாத்தேனே. தெனம் இப்படித்தான்னு சொன்னீங்களே."

சத்தமாகப் பேசத் தெரியாதவன் நான். அன்று பார்த்து என் குரல் வராந்தா முழுக்கக் கேட்டது. மருந்து வாங்க நின்றிருந்தவர்கள்கூடத் திரும்பினார்கள். கண்டக்டரின் மனைவி, "அடிப் பாவி, எங்ககிட்ட ஒரு வார்த்த சொல்லலையே," என்று எழுந்து அவர் தோளைத் தொட்டார். அக்கா நெளிந்தார். ஏதோ சொல்ல வாயெடுத்தார். எப்போதும் கைவசம் இருக்கிற வேடிக்கைப் பேச்சு எதுவும் வரவில்லை. தரையைப் பார்த்துக்கொண்டு, "சரிண்ணா," என்றார். அவ்வளவுதான்.

நினைத்தது நடந்துவிட்டது. நல்ல காரியம்தான் என்று வீட்டுக்குப் போகும் வழி முழுக்க எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். இனி அவர் பகல் வெளிச்சத்தில், காலியான பஸ்ஸில், ஜன்னலோரம் உட்கார்ந்து போவார். வாழ்க்கையில் ஒரு தடவையாவது கொடுக்கிற பக்கத்தில் நின்றேன் என்று கொஞ்சம் நெஞ்சு நிமிர்ந்ததும் உண்மை.

மாற்றிக்கொண்ட முதல் நாள் பெஞ்சில் நான் உட்கார்ந்திருந்தேன். காலை ஆட்கள் ஒவ்வொருவராக வெளியே வந்தார்கள். கடைசியாக அவர் வந்தார். இடது கையில் பஞ்சை அழுத்திப் பிடித்திருந்தார்.

"என்ன தாயி, காலை ஜனங்க எப்படி?" என்று கண்டக்டர் கூப்பிட்டார்.

அவர் நின்று சத்தமாக ஒன்று சொல்வார், நாங்கள் சிரிப்போம் என்று எல்லோரும் காத்திருந்தோம். அவர் லேசாகத் தலையசைத்தார். புடைத்த கையின்மேல் புடவைத் தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டார். "பஸ்ஸுக்கு நேரமாச்சு," என்று யாரையும் பார்க்காமல் சொல்லிவிட்டு, சுவரை ஒட்டினாற்போல, தலையைக் குனிந்தபடி எங்களைக் கடந்து போனார்.

அந்த நடை எனக்கு நன்றாகத் தெரியும். நான் அப்படித்தான் நடப்பேன். அவர் அப்படி நடப்பார் என்று நான் ஒருநாளும் நினைத்ததில்லை. பின்னால் ஓடிப்போய், "அம்மா, மறுபடி மாத்திக்கலாமா?" என்று கேட்கத் தோன்றியது. கேட்டு என்ன ஆகும்? நான் சொல்லிவிட்டதை எல்லோரும் கேட்டாயிற்று.

மஞ்சு பெயரைக் கூப்பிட்டார். எடை பார்த்துவிட்டு உள்ளே போனேன். எனக்குக் கொடுத்தது அக்கா அப்போதுதான் எழுந்துபோன படுக்கை. விரிப்பை மாற்றியிருந்தார்கள். மேலே ஏறிப் படுத்தேன். முதுகுக்குக் கீழே மெத்தை இன்னும் சூடாக இருந்தது. ஊசி குத்துகிற வரைக்கும் சுவர் பக்கமாகத் திரும்பிக்கொண்டேன்.